கோடரியோடு நின்றுவிடும் சட்டம்

2025 ஜூலை 11 அன்று பாரிஸில் கூடிய யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியக் குழு, மராட்டியர் காலத்துக் கோட்டைகள் 12-ஐத் தன் பட்டியலில் சேர்த்தது. 11 கோட்டைகள் மகாராஷ்டிரத்தில் இருக்கின்றன. பன்னிரண்டாவது நம் செஞ்சி. ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி என்ற மூன்று குன்றுகளையும் வளைத்து நிற்கும் மதிலுக்கு, 1972-ல் உலக நாடுகள் செய்துகொண்ட உடன்படிக்கையின் காவல் கிடைத்தது. ஊரே கொண்டாடியது. கொண்டாட வேண்டிய செய்திதான்.

அந்த உடன்படிக்கைக்கு அடுத்த ஆண்டே, 1973 மார்ச் 3-ல், வாஷிங்டனில் இன்னொன்று கையெழுத்தானது. அருகிவரும் விலங்குகளையும் தாவரங்களையும் நாடு விட்டு நாடு விற்பதைக் கட்டுப்படுத்தும் ‘சைட்டீஸ்’ உடன்படிக்கை அது. இந்தியா 1976-ல் அதில் சேர்ந்தது. கல்லைக் காக்க வந்த உடன்படிக்கையைப் பற்றி செஞ்சிக் கடைத்தெருவில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். மரத்தைக் காக்க வந்ததைப் பற்றி இங்கே பேச்சே இல்லை. ஆனால் அதன் பாரத்தைச் சுமப்பவர்கள் நம் அக்கம்பக்கத்து மலைகளில்தான் இருக்கிறார்கள். செஞ்சிக்கு வடமேற்கே ஜவ்வாது மலை. தென்மேற்கே கல்வராயன் மலை. 2019 நவம்பரில் கள்ளக்குறிச்சி தனி மாவட்டமாகும் வரை கல்வராயன் மலையின் ஒரு பகுதி செஞ்சியைப் போலவே விழுப்புரம் மாவட்டம். இந்த இரண்டு மலைகளிலும் ‘ஆந்திராவுக்கு மரம் வெட்டப் போயிருக்கான்’ என்று ஒருவனைப் பற்றிச் சொன்னால், அடுத்த கேள்வியை யாரும் கேட்பதில்லை. எந்த மரம் என்று எல்லோருக்கும் தெரியும்.

செம்மரம், உலகில் வேறெங்கும் இயற்கையாக வளராத மரம். கிழக்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதியில் சேஷாசலம், பாலகொண்டா, லங்கமலை, வெலிகொண்டா குன்றுகள்தான் அதன் வீடு. திருப்பதி, கடப்பா, நெல்லூர் என்று பழகிய ஊர்ப்பெயர்களுக்குப் பின்னால் இருக்கும் வறண்ட, கல் நிறைந்த காடுகள். தமிழ்நாட்டு எல்லைக்குள்ளும் கொஞ்சம் உண்டு. மெதுவாக வளரும் மரம். வைரம் பாய இருபத்தைந்து முப்பது ஆண்டுகளாவது ஆகும். அந்த வைரக்கட்டை தண்ணீரில் போட்டால் மூழ்கும், அவ்வளவு கனம். அதன் சாயத்துக்காக 17-ஆம் நூற்றாண்டிலேயே டச்சுக்காரர்கள் சோழமண்டலக் கரையிலிருந்து அதை ஐரோப்பாவுக்குக் கப்பலேற்றினார்கள். கடலூருக்கு அருகே தேவனாம்பட்டினத்தில் அவர்கள் கால்வைத்தது செஞ்சி நாயக்கரின் அனுமதியோடுதான். சீனத்தில் மிங், சிங் அரச வம்சங்களின் நாற்காலிகளும் அலமாரிகளும் இந்த வகை மரத்தில் இழைக்கப்பட்டன. பெய்ஜிங்கில் 1999-ல் இதற்கென்றே ஓர் அருங்காட்சியகம் திறந்தார்கள். ஜப்பானில் ஷாமிசென் என்ற மூன்று தந்தி இசைக்கருவியின் கழுத்துக்கு இதைத்தான் தேடுவார்கள். எங்கோ ஒரு வரவேற்பறையின் பெருமைக்கும் ஒரு கலைஞனின் விரலுக்கும் இந்தக் காடு கடன்பட்டதாக ஆகிவிட்டது.

1995-ல் சைட்டீஸின் இரண்டாம் இணைப்புப் பட்டியலில் செம்மரம் சேர்ந்தது. அந்தப் பட்டியலில் உள்ளதை ஏற்றுமதி செய்ய அனுமதிச்சீட்டு வேண்டும். அது சட்டப்படி வெட்டப்பட்டதுதான் என்று ஏற்றுமதி செய்யும் நாடு உறுதி சொல்ல வேண்டும். காட்டில் வெட்டிய செம்மரத்தை வெளியே அனுப்ப இந்தியாவில் தடை உண்டு. பட்டா நிலத்தில் பயிரிட்டதற்கு மட்டும் 2019-ல் வழி திறக்கப்பட்டது. 2022-ல் திருத்தப்பட்ட வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் நான்காம் அட்டவணையிலும் செம்மரம் இடம்பெற்றுவிட்டது. ஏட்டில் பார்த்தால் மாநிலச் சட்டம், மத்தியச் சட்டம், உலக உடன்படிக்கை என்று மூன்று பூட்டு. காட்டில் பார்த்தால் வேறு கதை.

இருபது பேர்

2015 ஏப்ரல் 7 விடியற்காலை, ஆந்திரத்துச் சந்திரகிரிக்கு அருகே சேஷாசலம் காட்டில் இரண்டு இடங்களில் 20 பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். எல்லோரும் தமிழர்கள். திருவண்ணாமலை, தருமபுரி, சேலம் மாவட்டங்களைச் சேர்ந்தவர்கள். ஜவ்வாது மலையையும் அதன் அடிவாரத்தையும் சேர்ந்தவர்கள் அதில் அதிகம். கல்லாலும் கோடரியாலும் தாக்கினார்கள், தற்காப்புக்காகச் சுட்டோம் என்றது ஆந்திரத்தின் செம்மரக் கடத்தல் தடுப்புச் சிறப்புப் படை. இல்லை, சிலரைப் பேருந்திலிருந்து இறக்கிக் கூட்டிப் போனார்கள் என்று உயிர்தப்பியவர்கள் தேசிய மனித உரிமை ஆணையத்தின் முன் சாட்சி சொன்னார்கள். இறந்தவர் குடும்பத்துக்குத் தலா 5 லட்சம் ரூபாய் இடைக்கால நிவாரணம் தரவும், சிபிஐ விசாரிக்கவும் ஆணையம் பரிந்துரைத்தது. தமிழக அரசு தலா 3 லட்சம் ரூபாய் அறிவித்தது.

இதன் மறுபக்கத்தையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். அதற்கு 16 மாதங்களுக்கு முன், 2013 டிசம்பரில், அதே சேஷாசலத்தில் ஆந்திர வனத்துறையினர் இருவரை மரம் வெட்டும் கும்பல் தாக்கிக் கொன்றது. 2024 பிப்ரவரியில் அன்னமய்யா மாவட்டத்தில் வண்டிச் சோதனைக்கு நின்ற காவலர் ஒருவர் மீது கடத்தல் காரை ஏற்றிக் கொன்றார்கள். சம்பளத்துக்காக இரவில் காட்டுப் பாதையில் நிற்கும் அந்த மனிதர்களுக்கும் வீட்டில் பிள்ளைகள் இருந்தார்கள். 2018 பிப்ரவரியில் கடப்பா மாவட்டம் ஒண்டிமிட்டா ஏரியில் 5 உடல்கள் மிதந்தன. கல்வராயன் மலைக்காரர்கள் என்று அடையாளம் தெரிந்தது. இப்படியே இந்தக் கணக்கு நீள்கிறது. இரண்டு பக்கத்திலும் செத்தவர்களின் பெயர்களை வரிசையாக எழுதிப் பாருங்கள். ஏற்றுமதி நிறுவனம் நடத்தியவர் ஒருவராவது அதில் உண்டா? கன்டெய்னருக்குப் பொய்ச் சரக்குப் பட்டியல் எழுதியவர் உண்டா? பணம் கொடுத்து வாங்கியவர் உண்டா? இந்தக் கட்டுரையில் நான் சொல்ல வந்தது அவ்வளவும் இந்தக் கேள்விகளுக்குள்தான் இருக்கிறது. எல்லை தாண்டும் குற்றத்தைத் துரத்துகிற நம் சட்டம், கோடரி பிடித்த கையைப் பிடித்ததும் மூச்சு வாங்கி நின்றுவிடுகிறது. மரம் மட்டும் எல்லை தாண்டிப் போய்விடுகிறது.

‘புஷ்பா’ படத்தின் இரண்டு பாகங்களும் நாடு முழுக்க ஓடியதற்குப் பிறகு, செம்மரம் என்றாலே கூலியாக நுழைந்து முதலாளியாக உயரும் நாயகன்தான் பலரின் மனதில் வருகிறான். ஜவ்வாது மலையிலிருந்து போனவர்களில் அப்படி உயர்ந்தவர் ஒருவரையும் நான் கேள்விப்பட்டதில்லை. ராஜமுந்திரி, கடப்பா, நெல்லூர் சிறைகளுக்கு மனுப் பார்க்கப் போக வழிச்செலவுக்குக் கடன் வாங்கும் பெண்களைப் பற்றித்தான் கேள்விப்பட்டிருக்கிறேன்.

சந்தனத்துக்குப் பிறகு

இந்த மலைக்காரர்கள் ஏன் போகிறார்கள்? வறுமை என்ற ஒரே சொல்லில் முடித்துவிடலாம். ஆனால் வறுமை எல்லா மலையிலும் இருக்கிறது. ஜவ்வாதில் அதற்கு மேலும் ஒரு காரணம் உண்டு. அந்த மலை ஒரு காலத்தில் சந்தனக் காடு. மலையடிவாரத்துத் திருப்பத்தூரில் அரசின் சந்தனக்கிடங்கு நாடறிந்தது. மரத்தைப் பார்த்து வைரம் எவ்வளவு என்று கணிப்பது, செதிலைச் சீவி எடையைக் குறைப்பது, இருட்டில் பாரத்தோடு மலையிறங்குவது எல்லாம் அங்கே தலைமுறைத் தொழிலறிவு. கள்ள வெட்டில் சந்தனம் அருகியது. கையிலிருந்த திறமைக்கு ஊரில் வேலை இல்லாமல் போனது. எல்லைக்கு அப்பால் அந்தத் திறமையைத் தேடிக்கொண்டிருந்தவர்களுக்கு அது வசதியாயிற்று. ஒரு காட்டைக் காக்கத் தவறியதன் விலையை இன்னொரு மாநிலத்துக் காடு கொடுத்தது.

இவர்களில் பெரும்பாலோர் மலையாளிப் பழங்குடியினர். சாமையும் புளியும் தேனும் சீத்தாப்பழமும் விளையும் மலை. மழை தவறினால் கையில் காசு இல்லை. அந்த நேரம் பார்த்துத் தரகர் வருகிறார். முன்பணம் தருகிறார். கல்யாணச் செலவோ ஆஸ்பத்திரிச் செலவோ அதில் தீர்கிறது. பிறகு ஒரு நாள் பேருந்து ஏறச் சொல்லித் தகவல் வரும். போளூர், ஆரணி, ஆற்காடு வழியாகச் சித்தூர். ஒரே இரவுப் பயணம். காட்டுக்குள் பல நாள் தங்க வேண்டும், வெட்டிச் செதுக்கிய கட்டையைத் தலையில் சுமந்து சாலை வரை கொண்டுவர வேண்டும். சாலையில் வண்டி காத்திருக்கும். அந்த வண்டிக்கு முன்னால் போலீஸ் நிற்கிறதா என்று பார்த்துக்கொண்டு இன்னொரு வண்டி போகும். அதற்குப் ‘பைலட்’ என்று பெயர். அந்த இடத்தோடு மலைக்காரனின் வேலை முடிகிறது. வண்டி எங்கே போகிறது, யார் வாங்குகிறார் என்பது அவனுக்குத் தெரியாது. தெரியக்கூடாது என்பதற்காகவே இந்த ஏற்பாடு இப்படி அடுக்கப்பட்டிருக்கிறது. அவனைப் பிடித்து எவ்வளவு விசாரித்தாலும் தரகரின் பட்டப்பெயருக்கு மேல் எதுவும் கிடைக்காது.

துறைமுகத்தில் கரையும் தடம்

2022-ல் குஜராத்தின் முந்த்ரா துறைமுகத்தில் ஒரு கன்டெய்னரை வருவாய்ப் புலனாய்வு இயக்குநரகம் பிரித்தது. ஷார்ஜாவுக்குப் போக வேண்டிய சரக்கு. சோப்பு, ஷாம்பு போன்ற குளியலறைப் பொருட்கள் என்று பட்டியலில் எழுதியிருந்தது. உள்ளே இருந்தது 11.7 டன் செம்மரம். மதிப்பு சுமார் 11.7 கோடி ரூபாய். கிலோ 10,000 ரூபாய். திருப்பதி மலையில் வெட்டிய கட்டை குஜராத்துக்குப் போய் வளைகுடாவுக்குக் கப்பலேற இருந்தது என்றால், வழியில் எத்தனை மாவட்டம், எத்தனை சோதனைச் சாவடி, எத்தனை கையெழுத்து! நேபாளம் வழியாகத் திபெத்துக்கும், சென்னையிலிருந்து சிங்கப்பூர், ஹாங்காங் என்று துறைமுகம் துறைமுகமாகவும் போகும் தடங்களும் பழையவை.

இந்த ஒரு கன்டெய்னரை இன்னொரு கணக்கோடு வைத்துப் பார்க்க வேண்டும். சைட்டீஸ் வணிகப் பதிவேட்டை ஆராய்ந்து ‘டிராஃபிக்’ என்ற கண்காணிப்பு அமைப்பு 2022-ல் ஒரு குறிப்பு வெளியிட்டது. 2016 முதல் 2020 வரை இந்தியாவிலிருந்து வெளியே போனதாகச் சிக்கிய செம்மரம் 28 பதிவுகளில் மொத்தம் 19,049 கிலோ. சீனாவுக்கு 13,618 கிலோ, ஹாங்காங்குக்கு 5,215, சிங்கப்பூருக்கு 216. ஐந்து ஆண்டுகளில் உலக நாடுகளின் பதிவில் ஏறியது 19 டன். ஒரே துறைமுகத்தில் ஒரே கன்டெய்னரில் கிடைத்தது கிட்டத்தட்ட 12 டன். பதிவேட்டுக்கும் கடலுக்கும் நடுவே உள்ள இடைவெளியை இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது. சிக்கிய சரக்கைக்கூட நாடுகள் ஒழுங்காக ஒன்றுக்கொன்று சொல்லிக்கொள்வதில்லை. சொல்லாவிட்டால் எந்த நிறுவனம் எந்த நாட்டில் எத்தனை முறை வாங்கியது என்று கோத்துப் பார்க்க யாராலும் முடியாது.

மேலே உள்ளவர்களைத் தொடவே முடியாது என்றும் சொல்வதற்கில்லை. ஆந்திரத்தில் பல செம்மர வழக்குகளில் தேடப்பட்டுத் தலைமறைவாகியிருந்த கொல்லம் கங்கி ரெட்டி, இன்டர்போல் அறிவிக்கையின் பேரில் மொரீஷியஸில் பிடிபட்டு, 2015 நவம்பரில் இந்தியாவுக்குக் கொண்டுவரப்பட்டார். இருபது பேர் செத்த அதே ஆண்டில்தான் அதுவும் நடந்தது. துப்பாக்கி இல்லாமல், காகிதமும் தகவலும் கொண்டு, கடல் கடந்து ஒருவரைக் கொண்டுவர முடிந்தது என்பதை மறக்கக்கூடாது. இப்படி ஒன்று நடந்தால் செய்தியாகிறது. வழக்கமாக நடந்திருந்தால் செய்தியாகியிருக்காது என்பதுதான் வேதனை.

கருவிகள் இருக்கின்றன. வனவிலங்குக் குற்றத் தடுப்பு ஆணையகம் 2007-ல் அமைக்கப்பட்டது. அதன் தென்மண்டல அலுவலகம் சென்னையில். சட்டவிரோதப் பணப் பரிமாற்றத் தடுப்புச் சட்டத்தின் குற்றப் பட்டியலில் வனவிலங்குச் சட்டக் குற்றங்களும் உண்டு. பணத்தின் வழியே மேலே ஏறலாம். உலக அளவில் சைட்டீஸ் செயலகம், இன்டர்போல், ஐ.நா. போதைப்பொருள் மற்றும் குற்றத் தடுப்பு அலுவலகம், உலக வங்கி, உலகச் சுங்க அமைப்பு என ஐந்தும் 2010-லிருந்து ஒரு கூட்டமைப்பாக இயங்குகின்றன. சுற்றுச்சூழல் குற்றங்களின் ஆண்டு மதிப்பு 9,100 கோடி முதல் 25,800 கோடி டாலர் வரை இருக்கும் என்று ஐ.நா. சுற்றுச்சூழல் திட்டமும் இன்டர்போலும் 2016-ல் கணித்தன. அவ்வளவு பெரிய வணிகத்தை எதிர்கொள்ள நம்மிடம் இருப்பது போதாது. ஆனால் இருப்பதும் கீழ்நோக்கியே திரும்பி நிற்கிறது என்பது என் முதன்மையான குறை.

வாங்குகிறவரின் நாடு

எல்லை என்பது காவல் நிலைய எல்லை மட்டுமல்ல. ஒரு பொருளின் சட்டத் தகுதி மாறும் இடமும் அதுதான். தமிழ் வாசகருக்கு இதை விளக்கப் பாக் நீரிணையே போதும். கடல் அட்டையை இந்தியா 2001-ல் வனவிலங்குச் சட்டத்தின் முதல் அட்டவணையில் வைத்தது. புலிக்குள்ள அதே காவல். இருபது மைல் தாண்டி இலங்கைக் கரையில் உரிமம் பெற்றவர் அதை எடுத்து விற்கலாம். மண்டபத்தில் பிடிபட்டால் சிறை. மன்னாரில் இறங்கிவிட்டால் அது சரக்கு. கடத்தல்காரர் இந்த வேறுபாட்டில்தான் லாபம் காண்கிறார். செம்மரமும் அப்படியே. தொலைதூரத்துக் கிடங்கில் இறங்கி, அறுத்து, மெருகேற்றி நாற்காலியாகிவிட்டால் அதன் பிறப்பைக் கேட்பவர் யார்?

கேட்கும் சட்டங்கள் பிறந்திருக்கின்றன. அமெரிக்காவில் 1900-ல் வந்த லேசி சட்டத்தை 2008-ல் திருத்தி, பிற நாட்டுச் சட்டத்தை மீறி வெட்டிய மரத்தை இறக்குமதி செய்வதையும் வாங்குவதையும் குற்றமாக்கினார்கள். ஐரோப்பிய ஒன்றியம் 2013-லிருந்து இறக்குமதியாளரையே மரத்தின் மூலத்தை விசாரிக்கச் சொன்னது. சீனமும் தன் வனச் சட்டத்தைத் திருத்தி, சட்டவிரோதமாக வெட்டியது என்று தெரிந்த மரத்தை வாங்குவதையும் பதப்படுத்துவதையும் 2020 ஜூலையிலிருந்து தடுத்தது. ‘தெரிந்து’ என்ற நிபந்தனை அதில் இருக்கிறது. அங்கேதான் இந்தியாவின் வேலை தொடங்க வேண்டும். காட்டுச் செம்மரம் எதுவும் ஏற்றுமதிக்குரியதல்ல, இன்ன நிறுவனம் இன்ன கன்டெய்னரை இன்ன நாளில் எடுத்தது என்று நாம் எழுத்தில் தெரிவித்துவிட்டால், வாங்கியவர் தெரியாது என்று சொல்ல முடியாது. சேஷாசலத்தில் பத்துத் துப்பாக்கி செய்யாததை அப்படிப்பட்ட ஒரு கடிதம் செய்யும் என்று நான் நம்புகிறேன்.

முன்பணம் என்னும் கயிறு

கீழ்ப்படிக்கு வருகிறேன். மரம் வெட்டப் போனவர் சட்டத்தை மீறியவர்தான். அதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அவர் எந்தச் சட்டத்தின் பாதுகாப்பில் இருந்திருக்க வேண்டியவர் என்பதையும் கேட்க வேண்டும். முன்பணம் கொடுத்து, அது தீரும் வரை சொன்ன இடத்தில் சொன்ன வேலையைச் செய்ய வைப்பது கொத்தடிமை முறை. அதை 1976-லேயே சட்டம் போட்டு ஒழித்தார்கள். வெளிமாநிலத்துக்கு ஐந்து பேரையோ அதற்கு மேலோ கூலிக்கு அழைத்துப் போகும் ஒப்பந்தக்காரர் உரிமம் பெற வேண்டும் என்று 1979-ன் சட்டம் கேட்டது. மலையில் முன்பணம் கொடுக்கும் தரகர், 1979-ன் சட்டம் நடப்பில் இருந்தவரை இந்த இரண்டின் வாயிலும் நேராக விழுந்தார்; கொத்தடிமைச் சட்டத்தின் வாயில் இன்றும் விழுகிறார். அவரைப் பிடிக்க ஆந்திர வனச்சட்டம் தேவையில்லை. தமிழ்நாட்டில், தமிழ்நாட்டு அதிகாரிகளே பிடிக்கலாம்.

செஞ்சி, திண்டிவனம் வட்டாரத்துக்கு இது புதிய பாடம் இல்லை. இங்கே செங்கல் சூளையிலும் கரும்பு வெட்டிலும் கரி மூட்டத்திலும் முன்பணத்துக்குக் கட்டுண்டு கிடந்த இருளர் குடும்பங்களைக் கோட்டாட்சியர்கள் மீட்டு விடுதலைச் சான்று கொடுத்திருக்கிறார்கள். திண்டிவனத்துப் பேராசிரியர் பிரபா கல்விமணியும் பழங்குடி இருளர் பாதுகாப்புச் சங்கமும் பல்லாண்டுகளாக நடத்திய போராட்டம், பழங்குடி மக்கள் மேல் பொய்வழக்குப் போடுவது எவ்வளவு எளிது, அதை உடைப்பது எவ்வளவு கடினம் என்று இந்த மாவட்டத்துக்குக் காட்டியது. அந்த அனுபவம் மலை ஏறவில்லை. மரம் வெட்டப் போய்ப் பிடிபட்டவரிடம் ‘உனக்கு முன்பணம் கொடுத்தது யார், எவ்வளவு, எந்த மாதம்’ என்று கொத்தடிமைச் சட்டத்தின் கீழ் கேட்டால், அவர் குற்றவாளி நிலையிலிருந்து சாட்சி நிலைக்கு வருவார். ஒரு சாட்சி தரகரைக் காட்டுவார். தரகர் வண்டிக்காரரைக் காட்டுவார். வண்டி கிடங்கைக் காட்டும். இதுவரை வழக்குகள் இந்தத் திசையில் ஏறவில்லை.

தடை செய்த தொழிலில் இருந்தவர்களையே காவலுக்கு அழைத்துக்கொண்ட முன்னுதாரணமும் வெகுதூரத்தில் இல்லை. 1970-களில் பாம்புத் தோல் ஏற்றுமதி தடை செய்யப்பட்டபோது, அதையே நம்பியிருந்த செங்கல்பட்டு வட்டார இருளர்கள் ஒரே நாளில் குற்றவாளிகளாகிவிடும் நிலை. பாம்பியலாளர் ரோமுலஸ் விட்டேக்கரின் முயற்சியில் 1978-ல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது. வடநெம்மேலியில் அவர்கள் பாம்பைப் பிடிக்கிறார்கள், நஞ்சை எடுக்கிறார்கள், பாம்பை உயிரோடு காட்டில் விடுகிறார்கள். இந்தியாவின் பாம்புக்கடி மருந்து பெருமளவு அந்த நஞ்சிலிருந்தே வருகிறது. அந்தச் சமூகத்தின் வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023-ல் பத்மஸ்ரீ கிடைத்தது.

செம்மரத்திலும் நேர்வழிப் பணம் ஓடத் தொடங்கியிருக்கிறது. சென்னையில் இயங்கும் தேசியப் பல்லுயிர் ஆணையம், திருவள்ளூர் மாவட்டத்தில் செம்மரம் பயிரிட்ட 18 விவசாயிகளுக்குப் பலன் பங்கீடாக 55 லட்சம் ரூபாய் விடுவித்திருக்கிறது. ஆந்திர அரசு பறிமுதல் செய்த கட்டைகளை மின்னேலத்தில் விற்கிறது. இந்த ஓட்டத்தில் மலைக்கு ஒரு வாய்க்கால் வெட்டுவது இரு மாநில வனத்துறைகளும் உட்கார்ந்து பேசினால் ஆகிற காரியம். வைரம் அறிந்த ஆட்களுக்கு ஜவ்வாது மலையின் ஜமுனாமரத்தூரில் நாற்றங்கால் வேலை. துறைமுகங்களில் கட்டையைத் தொட்டுப் பார்த்து இனம் சொல்லும் வேலை. சேஷாசலத்தில் இரு மாநிலமும் சேர்ந்து நியமிக்கும் காட்டுக் காவல் வேலை. அதற்கு முன் இன்னொன்று உண்டு. ஆந்திரச் சிறைகளில் இருக்கும் தமிழகத்து மலைக்காரர்கள் எத்தனை பேர், யாருக்கு வழக்கறிஞர் இல்லை, யாருக்கு முன்பணம் கொடுத்தது எந்தத் தரகர் என்ற பட்டியலைத் திருவண்ணாமலை, கள்ளக்குறிச்சி, சேலம், தருமபுரி, திருப்பத்தூர் ஆட்சியர்கள் தங்கள் மேசையில் வைத்துக்கொள்ள வேண்டும். அதற்குப் புதுச் சட்டம் எதுவும் தேவையில்லை.